கோர்ட் மூலம் போலீஸ் பாதுகாப்பு: மூன்று அறுவடைகளில் நான் கண்டது

2024 ஜனவரி 29, திங்கட்கிழமை. காலை 9.40 மணிக்கு ஒரு எஸ்.எஸ்.ஐ.யும் (சிறப்பு சப்-இன்ஸ்பெக்டர்) இரண்டு காவலர்களும் எங்கள் வயல் வரப்பில் வந்து நின்றார்கள். காவலர்களில் ஒருவர் பெண். அறுப்பு மெஷின் ஏழு மணியில் இருந்தே ரோட்டோரம் நின்றிருந்தது. பனி காய்ந்தால்தான் மெஷினை வயலில் இறக்க முடியும், அதனால் அந்தக் காத்திருப்பு வீண் இல்லை. ஒன்றேகால் மணி நேரத்தில் 87 செண்டும் அறுத்து முடிந்தது. 28 மூட்டை. அதற்கு முந்தைய தை மாதம் அதே நிலத்தில், அதே கோ 51 ரக நெல் விதைத்து எனக்குக் கிடைத்தது 9 மூட்டை. என் வீட்டுக்காரரின் அண்ணன் மகன்கள் மெஷினை உள்ளே விடாமல் மறித்ததில் பயிர் சாய்ந்து, மழையில் நனைந்து, நெல் முளைத்துவிட்டது. மிஞ்சியதைக் கையால் அறுத்தோம்.

சிவில் வழக்கு நடந்துகொண்டிருக்கும்போது கோர்ட் வழியாகப் போலீஸ் பாதுகாப்பு கேட்பதும் அரசு மக்களுக்குத் தருகிற ஒரு சேவைதான். நான் அதை மூன்று இடங்களில் கேட்டேன்: ஸ்டேஷனில், மதுரை ஹைகோர்ட் கிளையில், எங்கள் ஊர் முன்சீப் கோர்ட்டில். ஒரு இடத்தில் மட்டும்தான் கிடைத்தது. ஏன் அங்கே கிடைத்தது, மற்ற இடங்களில் ஏன் கிடைக்கவில்லை என்பது தெரிந்திருந்தால் எனக்கு ஒரு வெள்ளாமை மிஞ்சியிருக்கும். இப்போது அதே நிலையில் இருப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். நான் அங்கன்வாடியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள், சட்டம் படித்தவள் இல்லை. எனக்கு நடந்ததையும், வக்கீல் எனக்குப் புரியும்படி சொன்னதையும் மட்டுமே சொல்கிறேன். ஊர் பெயர், ஆட்கள் பெயர் வேண்டாம். வழக்கு இன்னும் முடியவில்லை.

என் வீட்டுக்காரரும் அவருடைய அண்ணனும் 1998இல் பாகப்பிரிவினை செய்து பதிவு செய்துகொண்டார்கள். மேற்குப் பக்கம் 87 செண்ட் எங்களுக்கு. கிணறு பொது. ரோட்டில் இருந்து எங்கள் வயலுக்கு வர ஒரு வண்டிப்பாதை, அது அண்ணன் பங்கின் ஓரமாக வருகிறது. பாதையில் எங்களுக்கு உரிமை உண்டு என்று பத்திரத்திலேயே எழுதியிருக்கிறது. 23 வருடம் ஒரு பிரச்சினையும் இல்லை. 2021இல் என் வீட்டுக்காரர் இறந்த பிறகு அண்ணன் மகன்கள் இரண்டு பேரும், "சித்தி, அந்தப் பிரிவினை சரியில்லை, மறுபடி அளக்கணும்" என்று ஆரம்பித்தார்கள். அப்புறம் வரப்பை வெட்டினார்கள். மோட்டார் ஸ்டார்ட்டர் பெட்டியை உடைத்தார்கள். நான் தூக்கி வளர்த்த பிள்ளைகள். அதை எழுதும்போது இன்றைக்கும் கை நடுங்குகிறது.

2022 ஆகஸ்டில் ஒரு வக்கீலைப் பிடித்து முன்சீப் கோர்ட்டில் நிரந்தர உறுத்துக்கட்டளை, அதாவது என் நிலத்தில் தொந்தரவு செய்யக் கூடாது என்ற நிரந்தரத் தடை கேட்டு வழக்குப் போட்டேன். கூடவே ஐ.ஏ. ஒன்று, அதாவது இடைக்காலத் தடை மனு. எதிர்த்தரப்பு வருவதற்கு முன்பே தடை கிடைத்துவிட்டது. வக்கீல் ஆபீசில் எல்லாரும் சந்தோஷப்பட்டார்கள். இனி நிம்மதி என்று நானும் நம்பினேன். அந்தத் தடை உத்தரவு எப்படிப்பட்ட பொருள் என்று யாரும் எனக்குச் சொல்லவில்லை.

தடை வாங்கிய பிறகு முதல் தகராறு நவம்பரில், நடவு முடிந்து களை எடுக்கும்போது வந்தது. உத்தரவு நகலை எடுத்துக்கொண்டு ஸ்டேஷனுக்கு ஓடினேன். இன்ஸ்பெக்டர் வாங்கிப் பார்த்தார். "அம்மா, இதுல 14ஆம் தேதி வரைக்கும்தான் தடைன்னு இருக்கு. இன்னைக்கு 16" என்றார். எனக்கு ஒன்றும் புரியவில்லை. பிறகுதான் தெரிந்தது. இடைக்காலத் தடையை அடுத்த வாய்தா வரை என்றுதான் பல நேரம் கொடுப்பார்கள். ஒவ்வொரு வாய்தாவிலும் அதை நீட்டிக்கச் சொல்லி வக்கீல் கேட்க வேண்டும். அந்த வாய்தாவில் என் வக்கீல் தரப்பில் யாரும் போகவில்லை. எதிர்த்தரப்பு வராமலே தடை கொடுத்தால், அந்த மனுவை 30 நாளில் முடிக்க முயல வேண்டும் என்று சிவில் நடைமுறைச் சட்டம் கட்டளை 39, விதி 3-ஏ சொல்கிறதாம். என் மனு அப்படி முடிய ஒரு வருடத்துக்கு மேல் ஆனது.

ஸ்டேஷனில் ஒரு சி.எஸ்.ஆர்., அதாவது புகார் வாங்கியதற்கான ரசீது கொடுத்தார்கள். அடுத்த வாரம் எனக்கும் சேர்த்து, குற்றவியல் நடைமுறைச் சட்டம் 107ஆம் பிரிவு போட்டார்கள். அமைதியைக் குலைக்க மாட்டேன் என்று தாசில்தார் முன்னால் நான் எழுதிக் கொடுக்க வேண்டும் என்பது அதன் பொருள். (1-7-2024 முதல் இது புதிய பி.என்.எஸ்.எஸ். சட்டத்தில் 126ஆம் பிரிவு.) தகராறு என்றால் இரண்டு தரப்பு மீதும் 107 போடுவது ஒரு வழக்கமாகவே இருக்கிறது. வரப்பை வெட்டியவனையும், வெட்டினான் என்று புகார் கொடுத்தவளையும் ஒரே வரிசையில் நிற்க வைத்தால் அடுத்த முறை யார் புகார் கொடுக்க வருவார்கள்? இதை நான் கோபமாகவே எழுதுகிறேன். என் 58 வயதில் அன்றுதான் முதன்முதலாக ஒரு பத்திரத்தில் குற்றம் செய்ய மாட்டேன் என்று கையெழுத்துப் போட்டேன்.

தையில் அறுப்பு மெஷின் வந்தது. மெஷின் எங்கள் நிலத்துக்குள் வரவே இல்லை, வண்டிப்பாதையிலேயே மறித்துவிட்டார்கள். பாதையின் குறுக்கே டிராக்டரை நிறுத்தினார்கள். இந்த முறை தடை உத்தரவு நீட்டிக்கப்பட்டு நடப்பில் இருந்தது. போலீஸ் வந்தது. உத்தரவைப் படித்துவிட்டு, "தடை 87 செண்டுக்குத்தான் இருக்கு. இந்தப் பாதை உத்தரவுல எங்கேயும் இல்லையே" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்கள். வழக்கில் சொத்து விவரம் எழுதும்போது நிலத்துக்கு மட்டும் செக்குபந்தி (நான்கு எல்லை விவரம்) எழுதி, பாதையை விட்டிருந்தார்கள். பத்திரத்தில் இருந்த ஒரு வரி, வழக்கில் இல்லை. அந்த ஒரு வரிக்கு 19 மூட்டை நெல்.

அன்றைக்குப் போலீஸ் மீது வந்த ஆத்திரம் இப்போது அவ்வளவு இல்லை. எது யார் நிலம், எது பாதை என்று முடிவு செய்ய அவர்களுக்கு அதிகாரம் கிடையாது. காகிதத்தில் இல்லாததை அவர்களாகச் செய்தால் அதற்குப் பெயர் கட்டப் பஞ்சாயத்து.

மார்ச் மாதம் மதுரைக்குப் போனேன். ஒத்தக்கடை பக்கம், மேலூர் ரோட்டில் இருக்கிறது ஹைகோர்ட் கிளை. 2004 ஜூலை 24 அன்று திறந்தது. அதற்கு முன்பு தென் மாவட்டத்துக்காரர்கள் இந்த மாதிரி மனுவுக்கெல்லாம் சென்னைக்கு ரயில் ஏற வேண்டும். மாட்டுத்தாவணியில் இறங்கி ஒரு டவுன் பஸ்ஸில் போய்விடலாம் என்பதே எங்களைப் போன்றவர்களுக்குப் பெரிய விஷயம். வாசலில் அடையாள அட்டை காட்டி நுழைவுச்சீட்டு வாங்கிக்கொண்டு உள்ளே போக வேண்டும்.

"ஹைகோர்ட்டில் ஒரு ரிட் போட்டால் போலீஸ் தானாக வரும்" என்று ஊரில் சொன்னார்கள். அதை நம்பி, இன்னொரு வக்கீலுக்கு 25,000 ரூபாய் கொடுத்து, எனக்கும் நிலத்துக்கும் பாதுகாப்புக் கொடுக்கச் சொல்லி ரிட் மனு போட்டேன். அதற்கு முன்பு இன்ஸ்பெக்டருக்கும் எஸ்.பி.க்கும் ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில் மனு அனுப்பியிருக்க வேண்டும் என்பதையும் அப்போதுதான் கற்றுக்கொண்டேன். அந்த ஒப்புகை அட்டை திரும்பி வரவே பத்து நாள் ஆனது.

விசாரணை ஐந்து நிமிடம் இருக்கும். அரசு வக்கீல் எழுந்து, இது பங்காளிகளுக்குள் சிவில் தகராறு, வழக்கு நிலுவையில் இருக்கிறது என்றார். நீதிபதி என் வக்கீலிடம், சிவில் கோர்ட்டில் தடை இருக்கிறது என்றால் அதை அமல்படுத்தப் போலீஸ் உதவி வேண்டும் என்று அங்கேயே கேட்கலாமே, அதைச் செய்தீர்களா என்று கேட்டார். செய்யவில்லை. சிவில் கோர்ட்டை அணுகலாம் என்று சொல்லி மனுவை முடித்துவிட்டார். வெளியே வந்து ஒரு மரத்தடியில் உட்கார்ந்து அழுதேன். என் மகன் திருப்பூரில் இருந்து லீவு போட்டு வந்திருந்தான். "இதுக்கா அம்மா 25,000?" என்றான்.

ஆனால் அந்த நீதிபதி கேட்ட கேள்வி சரியானது. 2006இல் கேரளத்தில் இருந்து வந்த முரளீதரன் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது என்று பிறகு எனக்கு வந்த வக்கீலம்மா விளக்கினார். போலீஸ் பாதுகாப்பு கேட்கும் ரிட் மனுவுக்கு எல்லை குறுகியது. ஒரு சிவில் கோர்ட் தீர்ப்பிலோ, குறைந்தபட்சம் ஒரு இடைக்கால உத்தரவிலோ உரிமை தெளிவாக முடிவாகியிருந்தால்தான் அதைக் காக்கப் பாதுகாப்புக் கேட்கலாம். உரிமையே யாருக்கு என்று தெரியாத இடத்தில் கேட்க முடியாது. யோசித்துப் பார்த்தால் அதன் நியாயம் புரிகிறது. வெறும் மனுவுக்கே ஹைகோர்ட் போலீசை அனுப்பும் என்றால், எனக்கு முன்னால் என் வீட்டுக்காரரின் அண்ணன் மகன்கள் போய் அதே மனுவைப் போட்டிருப்பார்கள். அவர்களுக்குப் பண வசதி உண்டு. போலீசைக் காவல் வைத்துக்கொண்டே என் நிலத்தில் கல் ஊன்றியிருப்பார்கள்.

உயிருக்கு ஆபத்து என்றால் கதை வேறு. சாதி மாறிக் கல்யாணம் செய்துகொண்ட பிள்ளைகள், மிரட்டப்படும் சாட்சிகள் ஆகியோர் எந்த சிவில் உத்தரவும் இல்லாமலே பாதுகாப்பு கேட்கலாம். சாட்சிகளுக்கு என்று 2018ஆம் வருடத் திட்டம் ஒன்றை உச்ச நீதிமன்றமே ஏற்று நடைமுறைக்குக் கொண்டுவந்தது. மாவட்ட நீதிபதி தலைமையிலான குழு அதை முடிவு செய்கிறது. நான் சொல்வது நிலம், வீடு, பாதை, கடை என்று சிவில் வழக்கில் இருக்கும் சொத்துக்கு மட்டும்.

அந்த ஏப்ரலில் கையில் பணம் இல்லை. முதல் வக்கீலிடம் போகவும் மனம் இல்லை. எங்கள் கோர்ட் வளாகத்திலேயே ஒரு ஓரமாக வட்ட சட்டப்பணிகள் குழு என்று போர்டு இருக்கும். பல வருடம் அதைத் தாண்டிப் போயிருக்கிறேன், நுழைந்ததில்லை. ஏழைகளுக்கு மட்டும், வருமானச் சான்று கேட்பார்கள் என்று நினைத்திருந்தேன். பெண் என்றால் வருமான வரம்பே கிடையாது. 1987ஆம் வருடச் சட்டத்தின் 12ஆம் பிரிவு அப்படித்தான் சொல்கிறது. ஆதார் நகலும் வழக்குக் காகிதங்களும் கொடுத்து ஒரு மனு எழுதினேன், இரண்டு வாரத்தில் ஒரு வக்கீலை நியமித்தார்கள். போனில் கேட்க வேண்டுமானால் 15100. இந்தக் கட்டுரையில் வேறு எதையும் ஞாபகம் வைக்காவிட்டாலும் பெண்கள் இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

இலவசம் என்றால் ஏனோதானோ என்று இருக்கும் என்று பயந்தேன். வந்தவர் முப்பத்தைந்து வயதுக்குள் இருக்கும் வக்கீலம்மா. முதல் நாள் என்னோடு வயலுக்கு வந்து, செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு நான்கு எல்லையும் நடந்தார். பாதையில் நின்று பத்திரத்தை விரித்துப் படித்தார். "அம்மா, போலீஸ்கிட்ட நாம கேட்கிறதுக்கு முன்னாடி, போலீசுக்குச் சந்தேகமே வராத மாதிரி ஒரு உத்தரவு வாங்கணும். அதுக்குக் கொஞ்ச நாள் ஆகும். அவசரப்படாதீங்க" என்றார். நான் பணம் கொடுத்த இரண்டு வக்கீல்களும் வயலைப் பார்த்ததே இல்லை.

மே மாதம் சிவில் கோர்ட்டுகளுக்கு விடுமுறை. ஜூனில் மூன்று மனு போட்டார். பாதையைச் சேர்த்து வழக்குரையைத் திருத்த ஒன்று. பாதைக்கும் சேர்த்து இடைக்காலத் தடை கேட்டு ஒன்று. சர்வேயரோடு சேர்ந்து இடத்தைப் பார்த்து அறிக்கை தர ஒரு அட்வகேட் கமிஷனரை நியமிக்கச் சொல்லி ஒன்று, கட்டளை 26, விதி 9இன் கீழ்.

இந்தக் கமிஷனர் மனுதான் என் வழக்கின் திருப்பம் என்று நான் நினைக்கிறேன். ஆகஸ்டில் ஒரு நாள் கமிஷனர், தாலுகா சர்வேயர், இரண்டு தரப்பு வக்கீல்கள் எல்லாரும் வந்தார்கள். சர்வேயர் கட்டணத்தை முன்பே கட்டியிருந்தேன். எஃப்.எம்.பி. என்னும் புல அளவு வரைபடத்தை வைத்து அளந்தார்கள். பழைய எல்லைக் கல் இரண்டு இருந்தது. கிழக்குப் பக்கம் கல் பிடுங்கிய குழி மட்டும் இருந்தது. வண்டிப்பாதை 10 அடி அகலத்தில் எங்கே தொடங்கி எங்கே முடிகிறது, என் மோட்டார் ரூம் எங்கே, பைப் எந்த வழியாகப் போகிறது என்று எல்லாவற்றையும் எழுதிக்கொண்டார்கள். நிலம் யார் அனுபவத்தில் இருக்கிறது என்று சொல்வது கமிஷனர் வேலை இல்லையாம், தரையில் இருப்பதை இருக்கிறபடி எழுதுவதுதான் வேலை. எதிர்த்தரப்பு ஆட்சேபணை சொன்னது, அதையும் எழுதிக்கொண்டார். அக்டோபரில் அறிக்கையும் வரைபடமும் கோர்ட்டுக்கு வந்தன. சிவப்பு மையில் என் நிலம், பச்சையில் பாதை. ஒரு சின்னப் பிள்ளை பார்த்தாலும் புரியும்.

நவம்பர் 2023இல் இரண்டு தரப்பையும் கேட்டு, வழக்கு முடியும் வரை என்று தடையை உறுதி செய்தார்கள், பாதையையும் சேர்த்து. இனி வாய்தாவுக்கு வாய்தா நீட்டிக்க வேண்டியதில்லை.

அப்புறம்தான் டிசம்பரில் போலீஸ் உதவி கேட்டு மனு. சிவில் நடைமுறைச் சட்டம் 151ஆம் பிரிவு, கோர்ட்டுக்குத் தானாகவே உள்ள அதிகாரம். தடை உத்தரவை அமல்படுத்த சிவில் கோர்ட்டே போலீஸ் உதவிக்கு உத்தரவிடலாம் என்று மீரா சௌஹான் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதை மேற்கோள் காட்டினார் வக்கீலம்மா. தடையை மீறினால் கட்டளை 39, விதி 2-ஏ இருக்கிறதே, அதில் சொத்தை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறையில் வைக்கலாம், அதைப் போடலாமே என்று எதிர்த்தரப்பு வக்கீல் வாதாடினார். அதையும் போட்டிருந்தோம். ஆனால் அது நடந்த மீறலுக்குத் தண்டனை. சாட்சி, குறுக்கு விசாரணை என்று தனி வழக்கு போல நீளும். இன்று வரை முடியவில்லை. நிற்கும் நெல் அதுவரை காத்திருக்காது.

இந்த மனுவின் அஃபிடவிட் ஒன்பது பக்கம். "எதிர்மனுதாரர்கள் தொடர்ந்து தொல்லை கொடுக்கிறார்கள்" என்று பொதுவாக ஒரு வரி கூட அதில் இல்லை. எந்தத் தேதி, எத்தனை மணி, யார், என்ன செய்தார், யார் பார்த்தது, அதற்கு சி.எஸ்.ஆர். எண் என்ன, போட்டோ எது. நான் அங்கன்வாடியில் வருகைப் பதிவேடு எழுதிய பழக்கத்தில் ஒரு நோட்டில் எல்லாவற்றையும் தேதி போட்டு எழுதி வைத்திருந்தேன். வக்கீலம்மா அந்த நோட்டைப் பார்த்துவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டார்.

பொங்கல் விடுமுறை முடிந்து ஜனவரி 22ஆம் தேதி உத்தரவு வந்தது. அறுவடை நடக்கும் நாளில் சம்பந்தப்பட்ட ஸ்டேஷன் இன்ஸ்பெக்டர் தேவையான பாதுகாப்பு தர வேண்டும், கமிஷனர் வரைபடத்தில் கண்ட நிலத்துக்கும் பாதைக்கும் இது பொருந்தும், உரிமை பற்றி இந்த உத்தரவில் எந்த முடிவும் சொல்லவில்லை. கடைசி வரி முதலில் எனக்குச் சங்கடமாக இருந்தது. ஆனால் அது இருக்க வேண்டிய வரி. வழக்கே அதற்காகத்தானே நடக்கிறது.

உத்தரவு வந்தவுடன் ஈகோர்ட்ஸ் செயலியில் தெரிந்தது. ஒவ்வொரு வழக்குக்கும் தனியாக உள்ள 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைப் போட்டால் வாய்தா, உத்தரவு எல்லாம் பார்க்கலாம். இலவசம். முதல் வக்கீல் காலத்தில் இதை வைத்திருந்தால் அந்த நவம்பர் 14ஆம் தேதி விஷயம் அன்று சாயங்காலமே தெரிந்திருக்கும். ஆனால் ஸ்டேஷனில் செல்போன் திரையைக் காட்டினால் ஏற்க மாட்டார்கள், சான்றிட்ட நகல் வேண்டும். 24ஆம் தேதி சாயங்காலம்தான் நகல் கையில் கிடைத்தது. 25 தைப்பூசம், 26 குடியரசு தினம், அடுத்து சனி, ஞாயிறு. கோர்ட் நான்கு நாளும் மூடல். பயிரோ முற்றித் தலை கவிழ்ந்து நிற்கிறது. அன்று இரவே ஸ்டேஷனுக்குப் போய், உத்தரவு நகல், வரைபட நகல், "29ஆம் தேதி காலை அறுவடை" என்று ஒரு கடிதம் மூன்றையும் கொடுத்தேன். என் பிரதியில் சீல் வைத்து, தேதியோடு கையெழுத்து வாங்கினேன். குடியரசு தின பந்தோபஸ்து முடிந்த பிறகு ஆள் தருகிறோம் என்றார் எழுத்தர். அதே காகிதங்களைப் பதிவுத் தபாலிலும் அனுப்பினேன்.

அன்று வயலில் நடந்தது மிகச் சாதாரணம். எஸ்.எஸ்.ஐ. முதலில் வரைபடத்தை வாங்கி, பாதையின் முனையில் நின்று திருப்பித் திருப்பிப் பார்த்தார். அண்ணன் மகன்களில் பெரியவன் வந்து, "சார், கேஸ் நடக்குது" என்றான். "நடக்கட்டும் தம்பி. கேஸ் நடக்கிற கோர்ட்டுதான் இதைக் கொடுத்திருக்கு" என்று உத்தரவை அவன் கையில் கொடுத்துப் படிக்கச் சொன்னார். யாரும் யாரையும் அதட்டவில்லை. அவன் படித்தான். திரும்பிப் போகும்போது என்னைப் பார்த்து, "சித்தி, இப்படிப் பண்ணிட்டீங்களே" என்றான். நான் பதில் சொல்லவில்லை. பெண் காவலர் கடைசி மூட்டை வண்டியில் ஏறும் வரை என் பக்கத்திலேயே நின்றார். எனக்கு வந்த உத்தரவில் பாதுகாப்புக்குக் கட்டணம் என்று எதுவும் இல்லை, யாரும் கேட்கவும் இல்லை. செலவை மனுதாரர் ஏற்க வேண்டும் என்று எழுதும் உத்தரவுகளும் உண்டாம், படித்துப் பார்த்துக்கொள்ளுங்கள்.

இதோடு முடிந்துவிட்டது என்று நினைத்தேன். 2024 செப்டம்பரில் உழவுக்கு டிராக்டர் கொண்டுவந்தபோது மறுபடி மறித்தார்கள். ஸ்டேஷனில் உத்தரவைப் பார்த்துவிட்டு, "இது அறுவடைக்குன்னு இருக்கும்மா" என்றார்கள். உண்மைதான். நாங்கள் மனுவில் கேட்டதே அறுவடைக்குத்தான். வக்கீலம்மா இது தன் தவறு என்று என்னிடம் நேராகச் சொன்னார். வக்கீல் ஒருவர் வாயில் இருந்து அப்படி ஒரு வார்த்தை கேட்டது எனக்கு அதுதான் முதல் முறை. மறுபடி 151. அக்டோபரில் வந்த உத்தரவில் உழவு, நடவு, களை, அறுவடை, மோட்டார் பழுது பார்ப்பது என்று எல்லாம் இருந்தது. மூன்று நாள் முன்னதாக எழுத்து மூலம் தெரிவித்தால் போதும், வழக்கு முடியும் வரை செல்லும். ஆனால் அந்த ஒரு மாதத் தாமதத்தில் நடவு பிந்திப்போனது. உங்கள் மனுவில் வருடம் முழுக்க அந்தச் சொத்தில் செய்யும் எல்லா வேலையும் இருக்கிறதா என்று நீங்களே உட்கார்ந்து எண்ணிப் பாருங்கள். கடை என்றால் ஷட்டர் திறப்பது, சரக்கு இறக்குவது. வீடு என்றால் வெள்ளையடிப்பது, கரண்ட் கம்பம், தண்ணீர் இணைப்பு. வக்கீலுக்கு அது தெரியாது, நமக்குத்தான் தெரியும்.

நட்சத்திரம் கொடுக்கச் சொன்னால், சட்டப்பணிகள் குழுவுக்கும் அந்த வக்கீலம்மாவுக்கும் ஐந்துக்கு ஐந்து. 151 மனு என்ற வழிக்கு நான்கு. ஒன்றைக் குறைப்பது உத்தரவு வர எடுத்த ஏழு வாரத்துக்காக, பயிருக்கு ஏழு வாரம் என்பது பாதி ஆயுள். ஹைகோர்ட் ரிட்டுக்கு நான் மதிப்பெண் போட மாட்டேன். கையில் தெளிவான உத்தரவு இருந்து, 151 உத்தரவும் இருந்து, அப்போதும் போலீஸ் வரவில்லை என்றால் அது சரியான கதவு. நான் தட்டியது நேரம் கெட்ட நேரத்தில். ஸ்டேஷனுக்கு முதல் வருடம் ஒன்று, அந்த 107க்காக. மூன்றாவது வருடம் நான்கு.

இன்னொன்றையும் எச்சரிக்கையாகச் சொல்லிவிடுகிறேன். வழக்கின் நடுவில் சிலர், ஆர்.டி.ஓ.விடம் (வருவாய்க் கோட்டாட்சியர்) குற்றவியல் நடைமுறைச் சட்டம் 145ஆம் பிரிவில் மனு போட்டால் சீக்கிரம் முடியும் என்றார்கள். (இப்போது பி.என்.எஸ்.எஸ். சட்டத்தில் 164.) சொத்துத் தகராறில் அமைதி கெடும் என்றால் ஆர்.டி.ஓ. நடத்தும் விசாரணை அது. ஆனால் சிவில் கோர்ட்டில் ஏற்கனவே வழக்கு நடந்து உத்தரவும் இருக்கும்போது, அதே சொத்துக்கு அதையும் தனியாக நடத்தக் கூடாது என்று 1985லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. வக்கீலம்மா தடுத்திராவிட்டால் அந்த வழியிலும் ஒரு வருடம் போயிருக்கும்.

2025 பிப்ரவரியில் மூன்றாவது அறுவடை. மூன்று நாள் முன்பு கடிதம் கொடுத்தேன். ஒரே ஒரு காவலர் பைக்கில் வந்தார், ஒரு மணி நேரம் நின்றார். அண்ணன் மகன்கள் வரப்புப் பக்கமே வரவில்லை. பெரியவனின் மகள் மட்டும் பாதையோரம் நின்று மெஷினை வேடிக்கை பார்த்தாள். அவளுக்கு ஆறு வயது. தண்ணீர் வேண்டுமா என்று கேட்டேன், தலையை ஆட்டிவிட்டு ஓடிவிட்டாள். 24 மூட்டை வந்தது, நடவு பிந்தியதற்கு அது குறைவில்லை.

வழக்கு இப்போது சாட்சி விசாரணையில் இருக்கிறது. அடுத்த வாய்தாவில் எதிர்த்தரப்பு வக்கீல் என்னைக் குறுக்கு விசாரணை செய்வார். உத்தரவின் ஒரு நகலையும் வரைபடத்தையும் பிளாஸ்டிக் உறையில் போட்டு மோட்டார் ரூம் ஆணியில் மாட்டி வைத்திருக்கிறேன். ஆடி பிறந்ததும் புது ஸ்டார்ட்டர் பெட்டி பொருத்த வேண்டும், அதற்கான கடிதத்தை இந்த வாரமே ஸ்டேஷனில் கொடுக்கப் போகிறேன்.